அணியத்தில் ஒரு மேடு

எங்கள் பட்டறையில் வார்த்த பைபர் பாய் வள்ளங்களின் அணியத்தில், அதாவது மூக்குப் பகுதியில், வலது பக்கம் ஒரு சின்ன மேடு இருக்கும். கண்ணுக்குச் சட்டென்று தெரியாது. விரலால் தடவினால் அகப்படும். தாமிரபரணி கடலில் சேரும் எங்கள் ஊரிலிருந்து தெற்கே ராதாபுரம் பக்கத்துக் கரை வரைக்கும், வடக்கே ராமநாதபுரம் வரைக்கும், வள்ளம் வாங்க வருகிறவர்கள் முதலில் விலையைக் கேட்க மாட்டார்கள். அணியத்தைத் தடவிப் பார்ப்பார்கள். மேடு இருந்தால் திருப்தி, இது அந்த வள்ளம்தான்.

இந்த மேட்டை நான் வேண்டுமென்றே வைத்தேன், அது என் கையெழுத்து மாதிரி என்று பல பேரிடம் சொல்லியிருக்கிறேன். பொய். அதை வைத்தவன் என் மச்சினன், என் மனைவியின் தம்பி. அதுவும் தவறுதலாக வைத்தது.

பைபர் வேலையைப் பற்றி ஒரு வார்த்தை சொல்லிவிடுகிறேன். முதலில் பலகையும் மேலே பூசுகிற பட்டியும் வைத்து ஒரு மாதிரி வள்ளம் செய்வோம். அது கடலுக்குப் போகாது. அதன் மேல் மெழுகு தேய்த்து, பைபரைப் படிய வைத்து, காய்ந்ததும் உரித்தெடுத்தால் அதுதான் அச்சு. அந்த அச்சுக்குள் மறுபடியும் பைபரைப் படிய வைத்து உரித்தால் வள்ளம். மாதிரி ஒன்று, அச்சு ஒன்று, வள்ளங்கள் எத்தனை வேண்டுமானாலும். மாதிரியின் முகத்தில் ஒரு மரு இருந்தால் பிறக்கிற பிள்ளைகள் அத்தனைக்கும் அந்த மரு இருக்கும்.

மர வள்ளம் கட்டும்போது அணிய மரத்தில் ஒரு குழி தோண்டி, மாதா உருவம் பதித்த சின்னச் சுரூபம் ஒன்றை உள்ளே வைத்து மூடுவது எங்கள் கரையில் வழக்கம். நானும் மச்சினனும் சேர்ந்து எங்கள் வள்ளத்தின் மாதிரியைச் செய்துகொண்டிருந்தபோது, அவன் தன் கழுத்தில் கிடந்த காசளவு சுரூபத்தைக் கழற்றி, அணியத்தில் குழி தோண்டி வைத்து, பட்டி பூசி மூடிவிட்டான்.

"ஏலே, இது கடலுக்கே போவாதே. இதுக்கு எதுக்குலே மாதா?" என்றேன்.

அவன் திருதிருவென்று விழித்தான். கை பழக்கத்தில் செய்துவிட்டது. மறுநாள் பார்த்தால் பட்டி காய்ந்து அந்த இடம் முட்டை வடிவத்தில் லேசாகப் புடைத்திருந்தது. தேய்த்து மட்டமாக்கு என்று உப்புத்தாளை நீட்டினேன்.

"மாதா தலையில உப்புத்தாளப் போடச் சொல்லுதியளா அத்தான்? நீங்களே போடுங்க."

எனக்கும் கை வரவில்லை. மேடு அப்படியே நின்றுவிட்டது.

அந்த வள்ளத்தின் அணியம் ஆழமாக இருக்க வேண்டும் என்பது என் யோசனை. பின்பக்கம் அகலமாக, தட்டையாக இருக்க வேண்டும் என்றவன் அவன். இரண்டையும் சேர்த்தபோது இரண்டே ஆள் ஏறிப் பாய் விட்டால் போதும், தெற்கேயிருந்து வீசும் சோழகக் காற்றிலும் தலை குத்தாமல் ஓடியது. கோவில் திருவிழாப் பாய்மரப் போட்டியில் அதற்கு முன்பெல்லாம் யார் அதிகம் செலவழித்துப் பெரிய வள்ளம் கட்டினாரோ அவர்தான் ஜெயிப்பார். எல்லாரிடமும் எங்கள் வள்ளமே வந்த பிறகு, ஜெயித்தவனின் கைதான் ஜெயித்தது. இதை நினைத்தால் இன்றைக்கும் எனக்குப் பெருமையாகத்தான் இருக்கிறது.

பெருமையோடு சந்தேகமும் வந்தது. சந்தேகம் எனக்கு ரத்தத்திலேயே ஊறியது. கடைக்காரர் கூடுதலாக ஒரு மிட்டாய் கொடுத்தால் அதைத் திருப்பித் திருப்பிப் பார்ப்பேன். ரெசின் டப்பா வந்து இறங்கினால் மூடியை முன்பே யாராவது திறந்திருக்கிறார்களா என்று பார்த்த பிறகுதான் லாரிக்காரருக்குத் தண்ணீர் கொடுப்பேன். "நீங்க பாவசங்கீர்த்தனத்துக்குப் போனா சாமியாரையே விசாரிச்சிட்டு வருவிய" என்பாள் என் மனைவி.

ஒரு மத்தியானம் கொட்டகைக்குப் பின்னால் மச்சினன் போனில் பேசிக்கொண்டிருந்தான். "நீளம் இருவத்திரண்டு அடி. அகலம் ஆறு அடி" என்பது காதில் விழுந்தது. அப்படியே எங்கள் வள்ளத்தின் அளவு. யாரிடம் அளவு சொல்லுகிறாய் என்று கேட்டேன்.

"வீட்டு முன்னால சாய்ப்பு எறக்கணும் அத்தான். தகரம் கேக்கேன்."

"எந்த ஊர்லலே வள்ளத்தோட அளவுல சாய்ப்பு எறக்குதாவ?"

அவன் கையுறையைக் கழற்றி அச்சின் மேல் வைத்துவிட்டுப் போய்விட்டான். அவனுக்கு இடது கையில் இரண்டு விரல் கிடையாது. இளம் வயதில் நங்கூரக் கயிறு சுற்றிப் பிடுங்கியது. வலை இழுக்க முடியாத ஆள், பைபர் வேலையைத் தவிர வேறு பிழைப்பில்லை. அதெல்லாம் தெரிந்துதான் அவனைப் போகவிட்டேன். திரும்பி வருவான் என்று நினைத்தேன் என்று சொல்லிக்கொள்ளலாம். உண்மையில் போனதே நல்லது என்றுதான் அன்றைக்கு நினைத்தேன்.

அவன் இல்லாமல் வேலை செய்ததில் ஒரு தப்பு நடந்தது. வள்ளத்தை அச்சிலிருந்து பிரிக்கும்போது சுத்தியலால் ஓங்கித் தட்டிவிட்டேன். மேட்டுக்குக் கீழே அச்சில் ஒரு கீறல் விழுந்தது. பட்டி வைத்து அடைத்தும் முழுதாகப் போகவில்லை. அதன் பிறகு வார்த்த ஒவ்வொரு வள்ளத்திலும் அந்த இடத்தில் தலைமுடி போல ஒரு கோடு எழும்பும். பெயிண்ட் அடிக்கும் முன் உப்புத்தாளால் தேய்த்து எடுத்துவிடுவோம். கோட்டோடு எந்த வள்ளமும் எங்கள் பட்டறையை விட்டு வெளியே போனதில்லை. இதை ஞாபகத்தில் வைத்துக்கொள்ளுங்கள்.

இனி இந்த அச்சு சரிப்படாது என்று, விற்பனைக்குத் தயாரான ஒரு வள்ளத்தின் மேலேயே படிய வைத்துப் புது அச்சு எடுத்தேன். எடுக்கும் முன் அந்த மேட்டையும் தேய்த்து மட்டமாக்கினேன். இந்த வள்ளத்துக்குள் சுரூபம் இல்லையே, கை கூசவில்லை. வாங்க வந்தவர்கள் அணியத்தைத் தடவிப் பார்த்துவிட்டு, "என்ன அண்ணாச்சி, இது அந்த வள்ளம் இல்லியா?" என்று கேட்டுவிட்டுத் திரும்பினார்கள். வேறு வழியில்லாமல் பத்து ரூபாய் நாணயத்தை அளவு வைத்துப் புது அச்சில் ஒரு குழி குடைந்து, வள்ளத்தில் மேடு வரும்படி செய்தேன். இது சுத்தமான வட்டம். பழையது முட்டை வடிவம்.

அந்தச் சமயத்தில்தான் குடலிறக்கத்துக்காகப் பாளையங்கோட்டை மருத்துவமனையில் படுத்தேன். போகும் முன் மனைவியிடம், "பழைய அச்சை ஆள் வச்சு வெட்டி நொறுக்கிப் போட்டிரு. எவன் கையிலயாவது ஆப்பிட்டா நாளைக்கே வள்ளம் வார்த்திருவான்" என்று சொன்னேன். நாலாம் நாள் போன் செய்தாள். "நொறுக்கியாச்சு. லாரி வந்து அள்ளிட்டும் போயிட்டு. நீங்க நிம்மதியாப் படுங்க."

சில மாதம் கழித்து ராதாபுரம் பக்கத்துக் கரையில், தன் வீட்டுக் கொட்டகையில், மச்சினன் தனியாக வள்ளம் வார்க்கிறான் என்று செய்தி வந்தது. அதே வள்ளம், அதே மேடு. நான் விற்ற வள்ளம் ஒன்றின் மேல் படிய வைத்து அச்சு எடுத்துவிட்டான் என்று எனக்கு உறுதியாகிவிட்டது. ஊரெல்லாம் அவனைக் களவாணி என்று சொன்னேன். அவன் வீட்டுப் படியை இனி நாம் மிதிக்கக் கூடாது என்று மனைவியிடமும் சொன்னேன். சரி என்றாள். சொந்தத் தம்பி விஷயத்தில் அவள் அவ்வளவு சீக்கிரம் சரி என்றதை, என்னைப் போன்ற ஆள், அப்போதே சந்தேகப்பட்டிருக்க வேண்டும்.

இப்படி ஒன்பது வருடம் போனது. போன வருடம் சென்னையிலிருந்து ஒரு பாய்மரப் படகுச் சங்கத்தின் கடிதம் வந்தது. ஒரே அச்சிலிருந்து ஏராளமாகப் பிறந்து, ஒரு கரையில் பாய் விடும் முறையையே மாற்றிய வள்ளங்களைத் தேர்ந்தெடுத்துக் கௌரவிக்கிறார்களாம். எங்கள் வள்ளத்தைத் தேர்ந்திருக்கிறார்களாம். ஆற்று முகத்தில் ஒரு கல் நடுவார்களாம், அதில் வள்ளத்தின் உருவத்தையும் செய்தவர் பெயரையும் வெட்டுவார்களாம்.

நான் கடிதத்தை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தேன். வரித்துறைக்காரர்கள் வேறு பெயரில் வருகிறார்கள் என்று முதலில் தோன்றியது. பிறகு, ஏதோ கம்பெனி அளவை எடுத்துக்கொண்டு போய்த் தன் பெயரில் பதிவு செய்யப்போகிறது என்று தோன்றியது.

"கௌரவம் பண்ணுதோம்னுதான எழுதியிருக்காவ? அதுல என்ன இருக்கு?" என்றாள் மனைவி.

"சும்மா இருக்கவனை எவனாவது கௌரவம் பண்ணுவானாட்டி?"

சங்கத்திலிருந்து ஒரு பெண் வந்தாள். முப்பது வயது இருக்கும். அவள் அளவெடுத்தபோது டேப்பின் மறுமுனையை நான் விடவே இல்லை. அளவுகளை எழுதிய தாளில் எனக்கும் ஒரு நகல் வேண்டும் என்றேன். சிரித்துக்கொண்டே கொடுத்தாள். கல்லில் வெட்டப்போகும் வாசகத்தையும் காட்டினாள். அதில் இரண்டு பெயர் இருந்தது. ஒன்று என்னுடையது, இன்னொன்று மச்சினனுடையது.

எனக்கு உடம்பெல்லாம் பற்றிக்கொண்டு வந்தது. "களவாண்டவன் பேரை எதுக்கும்மா கல்லுல வெட்டுதிய?"

"ரெண்டு பட்டறையிலேயும் அச்சு அசலா ஒரே படகு வருது சார். எது எதைப் பார்த்து எடுத்ததுன்னு எங்களுக்குத் தெரியாது. நீங்க காட்டிட்டா ஒரு பேரை எடுத்துடறோம். அடுத்த வாரம் கல்லுல எழுத்து வெட்டணும்."

காட்டுகிறேன் என்றேன். காப்பி கொண்டுவந்த மனைவி வாசலிலேயே நின்றுவிட்டாள். "விடுங்க. ரெண்டு பேரும் இருந்துட்டுப் போகட்டுமே" என்றாள். தம்பிக்குப் பரிந்துகொண்டு வருகிறாள் என்று அவளை முறைத்தேன்.

அந்தப் பெண்ணின் காரிலேயே கிளம்பினோம். சிவந்த தேரி மணலும் பனையும் காற்றாலைகளும் கடந்து போகிற வழி முழுக்க, அவன் என்னவெல்லாம் சொல்லித் தப்பிக்கப் பார்ப்பான், அதற்கு நான் என்ன சொல்ல வேண்டும் என்று மனதுக்குள் வழக்கு நடத்திக்கொண்டே போனேன்.

மச்சினனுக்கு முன்தலை நரைத்திருந்தது. "வாங்க அத்தான்" என்றான், போன வாரம்தான் பார்த்தவன் போல. நான் நேரே கொட்டகைக்குள் நுழைந்தேன். அன்று காலையில்தான் அச்சிலிருந்து பிரித்த வள்ளம் ஒன்று, தேய்க்காமல், பெயிண்ட் படாமல் நின்றது. அணியத்தைத் தடவினேன். மேடு இருந்தது. முட்டை வடிவம்.

"பாத்தியளாம்மா? என்னோட பழைய வள்ளத்துல இருந்து எடுத்தது" என்று சொல்லிக்கொண்டே கையைக் கீழே இறக்கினேன். விரல் ஒரு கோட்டில் தட்டியது.

தலைமுடி போன்ற அந்தக் கோடு. நான் விற்ற எந்த வள்ளத்திலும் இல்லாத கோடு. விற்ற வள்ளத்தைப் பார்த்து எடுத்த அச்சில் அது வரவே முடியாது. கீறல் விழுந்த அந்த அச்சிலிருந்து மட்டும்தான் வர முடியும். கொட்டகையின் கோடியில் தார்ப்பாய் போட்டு நீளமாக ஏதோ கிடந்தது. போய் இழுத்தேன். என் பழைய அச்சு. விளிம்பில் சிவப்பு பெயிண்டில் 'இங்கே தட்டாதே' என்று நான் எழுதியது அப்படியே இருந்தது.

"அச்சையே தூக்கிட்டு வந்துட்டியாலே, களவாணிப் பயலே!"

என் சத்தத்தில் வேலையாட்கள் எழுந்து நின்றுவிட்டார்கள். மச்சினன் தரையைப் பார்த்தான். "ஆமா அத்தான். நாந்தான் எடுத்தேன். பேரை எடுத்திரச் சொல்லுங்க."

ஒன்பது வருடமாக நான் கேட்க விரும்பிய வார்த்தை அது. கேட்டதும் எனக்குச் சந்தோஷம் வரவில்லை. பழைய குணம்தான் தலைதூக்கியது. இவ்வளவு சுலபமாக எவன் ஒத்துக்கொள்வான்?

"பட்டறைக் கேட்டை எப்படித் தொறந்த?"

"பூட்டை ஒடைச்சேன்."

அந்தப் பூட்டு என் அப்பா காலத்துப் பித்தளைப் பூட்டு. அன்று காலையிலும் அதைத்தான் பூட்டிவிட்டு வந்தேன். ஒரு கீறல்கூட அதில் கிடையாது. அதற்கு ஒரே சாவி. அது எங்கள் அடுக்களைச் சுவரில், ஆணியில் தொங்கும். இருபத்திரண்டு அடி அச்சைத் தூக்கப் பத்து ஆள் வேண்டும், ஒரு லாரி வேண்டும். லாரி வந்து அள்ளிட்டும் போயிட்டு என்று போனில் சொன்ன குரல் காதில் கேட்டது.

அந்தப் பெண்ணின் காரிலேயே திரும்பினேன். ஆற்றுப் பாலத்தில் என்னை இறக்கிவிட்டு, "போன் பண்ணுங்க சார்" என்று மட்டும் சொல்லிவிட்டுத் திருநெல்வேலிக்குப் போய்விட்டாள்.

மனைவி முற்றத்தில் உட்கார்ந்து மீன் அறுத்துக்கொண்டிருந்தாள். என் முகத்தைப் பார்த்ததும் அவளுக்குத் தெரிந்துவிட்டது. அரிவாள்மணையைத் தள்ளி வைத்தாள்.

"நாந்தான் குடுத்தேன்" என்றாள், நான் கேட்கும் முன்னே. "அவன் கேக்கல. நானாத்தான் கூப்பிட்டு லாரியில ஏத்திவிட்டேன். அவன் வெரல் இல்லாத கையை வச்சிக்கிட்டு எங்க போய் என்ன செய்வான்? அந்த அச்சுல அவன் கையும் இருக்குல்லா? அதை வெட்டி நொறுக்க எனக்கு மனசு வரல."

"எங்கிட்டச் சொன்னா என்ன?"

"சொன்னா குடுத்திருப்பியளா?"

கொடுத்திருக்க மாட்டேன். அது எங்கள் இருவருக்கும் தெரியும்.

"சரி, பெறவாவது சொல்லியிருக்கலாம்லா? ஒம்போது வருசமா நான் அவனைக் களவாணி களவாணின்னு ஊரெல்லாம் சொல்லும்போது கேட்டுக்கிட்டுத்தான இருந்த?"

"சொல்லத்தான் வந்தேன். ரெண்டு மூணு தடவ வாய் வரைக்கும் வந்துட்டு. அவந்தான் சொல்லக் கூடாதுன்னு சத்தியம் வாங்கிட்டான்."

"ஏனாம்?"

அவள் கைகளைக் கழுவினாள். சேலையில் துடைத்தாள். "அத்தான் என்னையச் சந்தேகப்பட்டா நான் எங்க வீட்ல போய் இருந்துக்கிடுவேன். ஒன்னையச் சந்தேகப்பட்டா நீ எங்கன போய் இருப்ப அக்கான்னு கேட்டான்."

நான் அப்படியே படிக்கட்டில் உட்கார்ந்துவிட்டேன். எனக்கு அவமானமாக இருந்தது. என்னோடு ஒரே வீட்டில் இருபது வருடம் இருந்தவளுக்கு என்னைப் பற்றி வந்த பயம் அது. அவன் அதைச் சரியாகத்தான் கணித்திருந்தான். அந்த நாளில் தெரிந்திருந்தால் நான் என்ன பேசியிருப்பேன், எத்தனை வருடம் பேசியிருப்பேன் என்று எனக்கே தெரியும். அவள் அரிவாள்மணையை இழுத்துப் போட்டுக்கொண்டு மிச்ச மீனை அறுக்கத் தொடங்கினாள்.

மறுநாள் காலை அந்தப் பெண்ணுக்குப் போன் செய்தேன். இரண்டு பெயரும் இருக்கட்டும், அவன் பெயர் முதலில் வரட்டும் என்றேன்.

"காட்டறேன்னு சொன்னீங்களே சார்?"

"காட்டியாச்சும்மா. எனக்குத்தான் தெரியாம இருந்துது. அப்புறம், கல்லுல வெட்டுத வள்ளத்துல அந்த மேட்டையும் வச்சிருங்க. வலது பக்கம். வட்டமா வேண்டாம், முட்டை மாதிரி இருக்கட்டும்."

அந்த மேடு வந்த கதையையும் முதல்தடவையாக உண்மையாகச் சொன்னேன். மாதா சுரூபம் இன்னும் எங்கள் கொட்டகைக்குப் பின்னால், கோழி அடைகிற அந்தப் பழைய மாதிரி வள்ளத்துக்குள்தான் இருக்கிறது என்றேன். மறுமுனையில் அவள் எழுதிக்கொள்கிற சத்தம் கேட்டது.

கல் நட்ட அன்று சங்கத்தார் மாலை போட்டார்கள், பேசினார்கள். மச்சினன் வரவில்லை. ஆள் அனுப்பியும் வரவில்லை. அடுத்த ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்ததும் மனைவியைக் கூட்டிக்கொண்டு நானே கிளம்பினேன்.

அவன் வீட்டு வாசலில் தகரச் சாய்ப்பு இறக்கியிருந்தது. அன்றைக்குக் கொட்டகையோடு திரும்பிவிட்டதால் அதை நான் பார்த்திருக்கவில்லை. தகரம் துருப்பிடித்துப் பழசாகியிருந்தது. என் கால் சும்மா இருக்கவில்லை, அளந்து பார்த்தது. நீளம் இருபத்திரண்டு அடி, அகலம் ஆறு. அவன் நான் அளப்பதைப் பார்த்துக்கொண்டே நின்றான்.

"தப்பு எம்மேலதாம்லே" என்றேன்.

"நல்ல தகரம் அத்தான். இன்னும் ஒழுகல" என்றான் அவன்.

சாய்ப்பின் கீழ் உட்கார்ந்தோம். பழைய அச்சில் கீறலை எப்படி மொத்தமாக அடைப்பது என்று பேசத் தொடங்கினோம். ஒன்பது வருடத்துக்குப் பிறகு தம்பி வீட்டுக்குள் நுழைந்த என் மனைவி நேரே அடுக்களைக்குப் போனாள். சீனி எங்கே, காப்பித்தூள் எங்கே, டம்ளர் எங்கே என்று யாரிடமும் அவள் கேட்கவில்லை. மூன்று டம்ளரில் காப்பியோடு வந்தாள். தம்பிக்குச் சீனி இல்லாத டம்ளரைப் பார்த்து எடுத்துக் கொடுத்தாள். அவனுக்குச் சர்க்கரை வியாதி என்பது எனக்கு அப்போதுதான் தெரியும்.

நான் எல்லாவற்றையும் கவனித்தேன். அவளிடம் ஒன்றும் கேட்கவில்லை.